சார்பதிவாளர் பதிகம்

1974-இல் அப்பா வாங்கிய ஐந்து சென்ட் மனையின் கிரயப் பத்திரத்தைக் கரையான் தின்றுவிட்டது. தின்றது கரையான், தண்டனை எனக்கு.

மனையை விற்கப் போனேன். முத்திரைத் தீர்வை 7 சதவீதம், பதிவுக் கட்டணம் 2 சதவீதம், எல்லாம் வாங்குபவர் கட்டியாயிற்று. டோக்கன் வாங்கி உட்கார்ந்து, மதியம் மூன்றரைக்கு எங்கள் முறை வந்தது.

“மூலப் பத்திரம் எங்கே?” என்றார் சார்பதிவாளர்.

“கரையான் அரிச்சிடுச்சு சார். சான்றிட்ட நகல் இருக்கு.”

“ஒரிஜினல் வேணும்.”

அந்த நகலைக் கொடுத்ததே அவருடைய அலுவலகம்தான். அவர் நாற்காலிக்கு எட்டடி பின்னால், பதிவறையில், முதல் புத்தகத்தில், அப்பாவின் கிரயம் ஒரு எழுத்துச் சிதையாமல் தூங்குகிறது. ஊரே அந்த அலுவலகத்தின் முத்திரையை நம்புகிறது. நம்பாத ஒரே ஆள் அதைக் கையில் வைத்திருப்பவர்!

பதிவு விதிகளில் 55-ஏ என்றொரு விதியாம், 2022-இல் வந்ததாம். பத்திரம் தொலைந்தால் ‘கண்டுபிடிக்க முடியவில்லை’ என்று போலீஸ் சான்று வாங்கு, பத்திரிகையில் விளம்பரம் கொடு. ஸ்டேஷனுக்குப் போனேன். ரைட்டர் மனுவைப் படித்துவிட்டுச் சிரித்தார். “கரையான் தின்னதை நாங்க எங்கய்யா தேடுறது? பஸ்ல தொலைஞ்சதுன்னு எழுதிக் குடுங்க.” ஆக, உண்மையைச் சொன்னால் பதிவு கிடையாது, பொய்யை எழுதிக் கையெழுத்துப் போட்டால் உண்டு. போலிப் பத்திரங்களை ஒழிக்கப் புறப்பட்ட விதியின் லட்சணம் இது.

“சரி, பதிய முடியாதுன்னு எழுதியாவது குடுங்க சார்” என்றேன். அதுதான் நான் செய்த மாபெரும் குற்றம். மறுத்தால் காரணத்தை இரண்டாம் புத்தகத்தில் எழுது என்கிறது 1908-ஆம் ஆண்டுப் பதிவுச் சட்டத்தின் 71-ஆவது பிரிவு. எழுதிவிட்டால் நான் அதைத் தூக்கிக்கொண்டு மாவட்டப் பதிவாளரிடம் மேல்முறையீட்டுக்குப் போய்விடுவேனே! வாயால் சொன்னதை எந்த மேல்முறையீட்டில் காட்டுவது? எழுதி வைப்பதற்கென்றே சம்பளம் வாங்கும் துறை, எழுதச் சொன்னால் ஏன் இப்படிப் பதறுகிறது என்று யாராவது ஆராய்ச்சி செய்யலாம்.

திருமறைக்காட்டில் அடைத்த கதவைத் திறக்க அப்பருக்கே ஒரு முழுப் பதிகம் தேவைப்பட்டது. நான் வக்கீலைப் பிடித்தேன். அரசியலமைப்பின் 226-ஆவது பிரிவின் கீழ் உயர் நீதிமன்றத்தில் ரிட் மனு. ‘மனுதாரரின் கோரிக்கையை நான்கு வாரத்துக்குள் சட்டப்படி பரிசீலிக்க வேண்டும்’ என்று உத்தரவு வந்தது. பதியச் சொல்லவில்லை, பரிசீலிக்கச் சொன்னது. பரிசீலித்தார்கள். நான்காவது வாரத்தின் கடைசி நாள் சாயங்காலம், நிராகரித்துக் கடிதம் கொடுத்தார்கள். வக்கீல் ஃபீசும் எட்டு மாதமும் செலவழித்து நான் சம்பாதித்தது, முதல் நாளே இலவசமாகக் கேட்ட அந்த ஒற்றைக் காகிதம். அதற்குள் வாங்க வந்தவர் பொறுமையிழந்து, முன்பணத்தைத் திருப்பி வாங்கிக்கொண்டு வேறு மனை பார்த்துவிட்டார். அவர் நல்ல மனிதர், வட்டி கேட்கவில்லை.

2025 ஏப்ரல் 7-ஆம் தேதி உச்ச நீதிமன்றம் 55-ஏ(1) செல்லாது என்றது. விற்பவனுக்கு உரிமை உண்டா என்று தோண்டுவது பதிவு அலுவலரின் வேலை அல்ல, உரிமை இல்லாதவன் எழுதிக் கொடுத்தால் வாங்கியவனுக்கு ஒன்றும் வந்துவிடாது என்று அட்சரம் பிசகாமல் சொன்னது. அந்த மாதம் முடிவதற்குள் சட்டமன்றத்தில் மசோதா தயார். செத்த விதிக்குக் கருமாதி முடியுமுன் மறுபிறவி!

மே மாதம் தீர்ப்பை அச்செடுத்துக்கொண்டு அதே மேஜைக்குப் போனேன். முதல் பக்கத்தைப் பார்த்தார், கடைசிப் பக்கத்தைப் பார்த்தார். வெளிச்சத்தில் தூக்கிப் பிடித்தும் பார்த்தார்.

“சர்க்குலர் இன்னும் வரலையே” என்றார். பிறகு, “இது நகல்தானே? ஒரிஜினல் இருக்கா?”