வக்கீல் ஃபீஸ் பாக்கி

ஃபுளோரிடா சிறையிலிருந்து கிடியன் என்ற கைதி பென்சிலால் எழுதிப்போட்ட மனுவில், குற்ற வழக்கில் சிக்கிய ஏழைக்கும் வக்கீல் வைத்துத் தர வேண்டும் என்று 1963இல் அமெரிக்க உச்ச நீதிமன்றம் தீர்ப்பளித்தது. இலவசம் கட்சிக்காரருக்குத்தான்; அதை வக்கீலுக்கும் சேர்த்து என்று அரசு புரிந்துகொண்டது போலும். கூட்டாட்சி நீதிமன்றங்கள் நியமித்த தனியார் வக்கீல்களுக்கான நிதி 2025 ஜூலைத் தொடக்கத்திலேயே காலி. அவர்கள் ஃபீஸ் அப்போது மணிக்கு 175 டாலர். அதையும் ஆறாறு நிமிஷமாகப் பிரித்து பில் எழுத வேண்டும். காசுக்காகக் காத்திருந்த நிமிஷங்களுக்கு அதில் இடமில்லை. எதிரே நின்று வாதாடிய அரசு வக்கீலுக்கோ அந்தக் கோடை முழுக்கச் சம்பளம் வந்துகொண்டிருந்தது. அக்டோபரில் புது நிதியாண்டு பிறக்கட்டும், பாக்கி தீர்ந்துவிடும் என்றார்கள். பிறந்த அன்றைக்கே அரசாங்கம் முடங்கியது.