அத்தை ஹேங் ஆவதில்லை

கடலுக்கடியில் கிடந்த பூமியைத் தூக்கிக்கொண்டு வந்தவர் எங்கள் ஊர்ப் பூவராகப் பெருமாள். அதே ஸ்ரீமுஷ்ணத்தில், கோயிலுக்கு இரண்டு தெரு தள்ளிக் குடியிருக்கும் எனக்கு, லேப்டாப் திரைக்குள் அசையாமல் நின்றுவிட்ட ஒரு சின்ன ஊரைக் கிளப்பிவிட ஒன்பது நாள் பிடித்தது. பெருமாளுக்குக் கரண்ட் போகிற தொந்தரவு இருந்திருக்காது.

செமஸ்டர் லீவுக்கு அக்கா மகள் சிதம்பரத்திலிருந்து வந்தாள். வந்த மறுநாள் பரணை நோண்டியவள் கையில் ‘சிம்ஸ் 3’ டிவிடி சிக்கியது. நான் சென்னையில் மேன்ஷன் வாழ்க்கை வாழ்ந்த காலத்தில் வாங்கியது. “மாமா, இது எந்தக் காலத்துது?” என்று கேட்டாள். 2009 என்றேன். கல்வெட்டைத் தடவுவது போல ஒரு தடவு தடவினாள்.

அவளுடைய புது லேப்டாப்பில் டிவிடி போடத் துளையே கிடையாது. வெளி டிரைவ் ஒன்றைக் கடன் வாங்கி ஏற்றியும் பார்த்தோம். ஐகானைத் தட்டினால் ஒரு கணம் மினுங்கிவிட்டு மறைந்துபோனது. காரணம் அதன் சில்லு. 2021இல் வந்த 12ஆம் தலைமுறை இன்டெல் சில்லுகள் பலவற்றில் பெரிய வேலைக்கு ஒரு வகை, சில்லறை வேலைக்கு ஒரு வகை என்று இரண்டு விதமான கோர்கள் இருக்கின்றன. 2009இல் எழுதிய விளையாட்டுக்கு இந்த ஏற்பாடு புரியாமல் வாசலோடு திரும்பிவிடுகிறது. அதற்கென்று ரசிகர்கள் எழுதிய மருந்து உண்டு. ஆனால் என் பழைய லேப்டாப்பைப் பார்த்ததும் விளையாட்டு பால்ய சிநேகிதனைக் கண்டதுபோலத் திறந்துகொண்டது. கம்ப்யூட்டர் உலகத்தில் வயதுக்கு மரியாதை கிடைத்து நான் பார்த்தது அந்த ஒருமுறைதான்.

சிம்ஸ் தெரியாதவர்களுக்கு: இதில் துப்பாக்கி கிடையாது, எதிரி கிடையாது, ஜெயிப்பதும் கிடையாது. ஒரு வீடு கட்டி, அதில் ஆட்களைக் குடிவைத்து, அவர்கள் சாப்பிட்டார்களா, குளித்தார்களா, தூங்கினார்களா, கொல்லைக்குப் போய் வந்தார்களா என்று பார்த்துக்கொண்டிருக்க வேண்டும். வில் ரைட் என்ற அமெரிக்கர் உண்டாக்கியது. 1991இல் ஓக்லண்டு மலைப்பக்கம் பரவிய தீயில் அவர் வீடு எரிந்துபோனது. மறுபடி ஒவ்வொரு சாமானாக வாங்கிச் சேர்த்தபோதுதான் யோசனை பிறந்ததாம். முதலில் அவர் நினைத்தது வீடு கட்டும் விளையாட்டு. கட்டிய வீடு நன்றாக இருக்கிறதா என்று உள்ளே உலாவிப் பார்த்துச் சொல்வதற்குத்தான் மனிதர்களைச் சேர்த்தார். கிரகப்பிரவேசத்துக்கு வந்து, “அடுப்படி கொஞ்சம் இருட்டுதான்” என்று சொல்லிவிட்டு இலையில் உட்காருபவர்கள் அவர் ஊரிலும் இருந்திருக்கிறார்கள். 2000இல் முதல் சிம்ஸ், 2004இல் இரண்டாவது, 2009இல் எங்கள் வீட்டுப் பரணில் கிடந்த மூன்றாவது.

அத்தை பக்கத்தில் வந்து உட்கார்ந்தார். அப்பாவின் தங்கை. எங்கள் வீட்டின் தலைமைச் செயலகம். கொஞ்ச நேரம் பார்த்துவிட்டு, “சோறு ஆக்குறா, திங்கிறா, கழுவுறா. இத பாக்க எதுக்குடா கம்ப்யூட்டரு? நானே நாள் பூரா அதத்தான பண்றன்” என்றார். ஆனால் எழுந்து போகவில்லை.

மருமகள் ஒரு விஷமம் செய்தாள். அத்தையைப் போலவே ஓர் உருவம் செய்து, நரைத்த கொண்டை போட்டு, ‘ஆயா’ என்று பெயர் வைத்து, விளையாட்டுக்குள் இருக்கும் சன்செட் வேலி என்ற ஊரில் ஒரு மாடி வீட்டில் குடியேற்றிவிட்டாள். அத்தைக்கு வெட்கம் கலந்த சந்தோஷம். “நா இவ்வளோ செவப்பாவா இருக்கன்?” என்று மூன்று தடவை கேட்டார்.

இரண்டாம் நாள் மாலை, திரைக்குள் இருந்த ஆயா ஃபிரிட்ஜுக்கும் கதவுக்கும் நடுவே நின்றுவிட்டார். உடம்பு கதவுப் பக்கம், முகம் ஃபிரிட்ஜ் பக்கம். கூப்பிட்டால் அசைவில்லை. அத்தை பரவசமாகிவிட்டார். எங்கள் மூலவரும் மேற்கே பார்த்து நின்று முகத்தைத் தெற்கே திருப்பியவர். “பெருமாளாட்டம் நிக்கிறன் பாரு” என்று கன்னத்தில் போட்டுக்கொண்டார். அப்போது ஓரத்தில் ஓர் அளவுகோல் சிவப்பாக மின்னியது. அது என்ன என்று கேட்டார். அவசரமாகப் பாத்ரூம் போக வேண்டும் என்பதற்கான அறிகுறி என்று மருமகள் விளக்கினாள்.

“அடப்பாவி, வயசான காலத்துல என்ன இப்பிடி நிக்க வெச்சி மானத்த வாங்குறிங்களே! கதவத் தொறந்து வுடுடா!”

அன்றுதான் நான் பழுது பார்க்க இறங்கினேன். விளையாட்டுக்காக இறங்கவில்லை, குடும்ப மானத்துக்காக.

ஊரில் ஆலோசனைக்குப் பஞ்சமில்லை. விருத்தாசலத்தில் ஒரு சர்வீஸ் கடையில் கேட்டேன். நான் வாயைத் திறக்குமுன், “ஃபார்மேட் அடிச்சிடலாம் சார்” என்றார் பையன். ஹேங் ஆனாலும் ஃபார்மேட், சத்தம் வராவிட்டாலும் ஃபார்மேட், சார்ஜர் காணாமல் போனாலும் அனேகமாக ஃபார்மேட்தான். டீக்கடையில் பேட்டரியைக் கழற்றி மாட்டச் சொன்னார்கள். என் பேட்டரி உயிரைவிட்டுப் பல வருடம் ஆகிறது, சம்பிரதாயத்துக்குத்தான் உடம்போடு ஒட்டிக்கொண்டிருக்கிறது. தெருக்கோடி டிரான்ஸ்பார்மரில் ஓர் அணில் தடுக்கி விழுந்தால் போதும், திரைக்குள் ஆயா கட்டிய வீடு, போட்ட தோட்டம் எல்லாம் போன சேவ் வரைக்கும் பின்வாங்கிவிடும்.

முதலில் சூடு. இந்த விளையாட்டுக்குத் தன் வேகத்தைத் தானே அடக்கிக்கொள்ளத் தெரியாது. என் லேப்டாப் திரை விநாடிக்கு 60 படம்தான் காட்டும். இதுவோ, மெனுவில் சும்மா நிற்கும்போதுகூட, கிராபிக்ஸ் கார்டுக்கு எவ்வளவு முடியுமோ அவ்வளவு படத்தை வரைந்து தள்ளும். யாரும் சாப்பிட வராத பந்திக்கு இலை இலையாகப் பரிமாறுவது மாதிரி. கார்டின் செட்டிங்கில் போய் 60 என்று கட்டிப்போட்டேன். அடியில் காற்றுப் போக வழி வேண்டுமே? போன கார்த்திகைக்கு வாங்கிய விருத்தாசலம் பீங்கான் அகல் நான்கை எடுத்துக் கவிழ்த்து, நான்கு மூலைக்கும் முட்டுக் கொடுத்தேன். சூளைக்குள்ளேயே வெந்து வந்த ஜாதி. என் லேப்டாப் சூடு அவற்றுக்கு மார்கழிப் பனி. இதற்கென்றே விற்கும் விசிறி மேடைகளின் விலையை நினைத்தால் விருத்தாசலத்துக் கைவினைஞர்கள் ஒரு நல்ல சந்தையைக் கோட்டை விட்டிருக்கிறார்கள் என்றுதான் சொல்வேன்.

அடுத்து, கிராபிக்ஸ் கார்டு. விளையாட்டுக்குள் அது பிறந்த காலத்துக் கார்டுகளின் பெயர்ப்பட்டியல் ஒன்று இருக்கிறது. பிறகு வந்த கார்டை அதற்கு அடையாளம் தெரியாது. எவ்வளவு பெரிய ஆளாக இருந்தாலும், “நீ யாரு ஊட்டுப் புள்ள?” என்று கேட்டுவிட்டு, பதில் பிடிபடாவிட்டால் கடைசிப் பந்திக்கு அனுப்பிவிடும். பட்டியலைத் திறந்து பெயரை எழுதிச் சேர்க்க வேண்டும். என் கார்டும் கிழமானதால் அதற்குச் சிபாரிசு தேவைப்படவில்லை.

பிறகு கேச். ஆவணங்கள் ஃபோல்டருக்குள் ஐந்து கோப்புகள் இருக்கும்: காஸ்பார்ட்கேச், காம்போசிட்டர்கேச், சிம்காம்போசிட்டர்கேச், ஸ்கிரிப்ட்கேச், சோஷியல்கேச். ஒருமுறை செய்த சட்டை, தலைமுடி, முகம் முதலியவற்றை மறுபடி செய்ய நேரம் ஆகுமே என்று விளையாட்டு எடுத்து வைத்துக்கொள்ளும் மிச்சம் மீதி. நாளாக ஆக ஊதிப்போய், கெட்டும்போகும். அழித்தால் மறுபடி தானே உண்டாக்கிக்கொள்ளும். நான் இதை மருமகளுக்கு ஆங்கிலமும் தமிழுமாகக் கால்மணி நேரம் விளக்கினேன். அத்தை முருங்கைக்கீரை உருவியபடியே, “புளிச்ச மாவ கொட்டிட்டு சட்டிய கழுவி வெய்யின்னு சொல்லு, புரிஞ்சிக்கும்” என்றார். ஐந்தையும் கொட்டினேன். ஆயா கதவைத் தாண்டினார். ஒன்றரை நாள் நடமாடினார். பிறகு முழு ஊரும் நின்றது. பாட்டு மட்டும் பின்னணியில் பாடிக்கொண்டிருந்தது.

இந்த இடத்தில்தான் நோயின் வேர் எனக்குப் புரிந்தது. முதல் இரண்டு சிம்ஸிலும் நீங்கள் பார்க்கிற வீட்டுக்கு மட்டுந்தான் உயிர் உண்டு. அடுத்த வீட்டுக்குப் போக வேண்டுமானால் திரை மூடி, காத்திருந்து, திரை திறக்கும். மூன்றாவதில் அந்தத் திரையை எடுத்துவிட்டார்கள். ஊர் முழுக்க ஒரே நேரத்தில் வாழ்கிறது. நீங்கள் உங்கள் அடுப்படியில் தோசை வார்க்கும்போது, நாலு தெரு தள்ளி எவனோ ஒருவன் வேலைக்குப் போகிறான், எவளோ ஒருத்தி பிள்ளை பெறுகிறாள், யாரோ வீட்டை விட்டுப் போகிறார்கள். அத்தனையையும் விளையாட்டு கணக்குப் பார்த்துக்கொண்டே இருக்கிறது. ஆனால் அது 32 பிட் விளையாட்டு. 429 கோடியே 49 லட்சத்து 67 ஆயிரத்து 296 பைட்டுக்கு மேல் அதற்கு எண்ணத் தெரியாது. நாம் சொல்லும் 4 ஜிபி அதுதான். கம்ப்யூட்டரில் 16 ஜிபி போட்டுக் கொடுத்தாலும் நாலுக்கு மேல் தொடாது. அதற்குள் ஊரார் கதை அடங்காவிட்டால் மூச்சு நின்றுவிடும்.

ஊரார் கதை முழுவதையும் ஒரே தலையில் ஓட்டினால் தாங்காது என்றால், அத்தை எப்படித் தாங்குகிறார்?

அன்று இரவு கரண்ட் போனது. திண்ணையில் உட்கார்ந்து, இப்போதைக்கு யார் யார் கதை உங்கள் கணக்கில் ஓடுகிறது என்று கேட்டேன். சேத்தியாத்தோப்பிலிருந்து மூன்றாம் வீட்டுக்கு வந்து போகும் வரன், பால்காரர் மகனின் அரியர், தெற்குத் தெருவில் பேச்சு வார்த்தை நின்றுபோன ஓரகத்திகள், ஆண்டிமடத்தில் வாக்கப்பட்டவளுக்கு இது எத்தனையாவது மாதம், எவர் வீட்டு மோட்டார் அடமானத்தில் இருக்கிறது... நாற்பத்தொன்று வரை எண்ணினேன். அதற்குள் ஃபேன் சுற்ற ஆரம்பித்துவிட்டது. 1974இல் ஒரு கல்யாணத்தில் நடந்த அப்பளச் சண்டையைக் கேட்டேன். அரை விநாடிகூட ஆகவில்லை, யார் எந்த வரிசையில் உட்கார்ந்திருந்தார்கள் என்பது உள்பட வந்துவிட்டது.

“அத்த, இத்தினி பேர ஒரே நேரத்துல எப்பிடி ஞாபகம் வெச்சிருக்கிங்க?”

“ஒரே நேரத்துல எவ வெப்பா? அவ அவ தண்ணி புடிக்க வாறப்ப அவ அவ கதய கேட்டுக்குவன். வராதவள பத்தி நா எதுக்கு ரோசன பண்ணிக்கிட்டு கெடக்கணும்?”

நிமிர்ந்து உட்கார்ந்துவிட்டேன். அத்தை சிம்ஸ் 2!

மறுநாள் வைத்தியம் வேகமாக நடந்தது. செட்டிங்கில் ஸ்டோரி புரொகிரஷன் என்று ஒன்று உண்டு. நாம் பார்க்காத குடும்பங்களின் வாழ்க்கையைத் தானே நகர்த்துவது. அதை நிறுத்தினேன். கன்ட்ரோல், ஷிஃப்ட், சி மூன்றையும் அமுக்கி ‘ரீசெட்சிம்’ என்று அடித்து ஒரு நட்சத்திரக்குறி போட்டால், எங்கெங்கோ சிக்கி நிற்கும் அத்தனை பேரும் உலுக்கி விடப்படுவார்கள். அதையும் செய்தேன். பல வருடமாக ரசிகர்கள் பயன்படுத்திவரும் ‘ஓவர்வாட்ச்’ என்ற இணைப்பையும் போட்டேன். அது தினமும் ஊர் தூங்கும் நேரத்தில் சுற்றி வந்து, கேட்பாரற்றுக் கிடக்கும் வண்டிகளை அப்புறப்படுத்தி, சிக்கியவர்களை வீட்டுக்கு அனுப்பும். 2013இல் வந்த தீவு ஊர் ஒன்றில் படகு வீட்டுக்காரர்கள் வழி தெரியாமல் சிக்கிக்கொண்டு ஊரையே நிறுத்திவிடுவார்கள் என்பது பிரசித்தம். இந்த இடத்தில் ஊர்ப் பெருமை ஒன்று சொல்லிக்கொள்கிறேன். மாசி மகத்துக்கு எங்கள் பெருமாள் கிள்ளைக்குக் கடலாடப் போவார். வழி நெடுகக் கூட்டம். கிள்ளையில் தர்கா சார்பில் மரியாதையும் வாங்கிக்கொண்டு, தீர்த்தவாரி முடித்துத் திரும்பி வருவார். ஒரு ரீசெட் கிடையாது.

கடைசியாக, ஊரில் ஆள் குறைக்க வேண்டியிருந்தது. மருமகள் குடும்பம் குடும்பமாகக் காலி செய்ய ஆரம்பித்தாள். அத்தை பார்த்துவிட்டார்.

“யார கேட்டுடி ஊர வுட்டு அனுப்புற?”

பஞ்சாயத்து இரண்டு மணி நேரம் நடந்தது. ஒவ்வொரு வீட்டையும் திறந்து காட்டச் சொன்னார். கைக்குழந்தைக்காரிக்கு விலக்கு. தனியாக இருந்த கிழவருக்கு விலக்கு. அவர்கள் பேசும் பாஷை உலகத்தில் எவருக்கும் புரியாது, அப்படித்தான் உண்டாக்கியிருக்கிறார்கள். அத்தைக்குப் புரிந்தது. “இவ மாமியார திட்டுறா, இவள அனுப்பு” என்றார். ஏழு குடும்பம் வெளியேறியது.

அதற்குப் பிறகு ஹேங் இல்லை. லீவு முடிந்து மருமகள் சிதம்பரம் போய்விட்டாள். லேப்டாப் அகல் விளக்குகளின் மேல் அப்படியே இருக்கிறது. ஒவ்வொரு முறையும் புதுப் பெயரில் சேவ் செய்ய அத்தைக்குச் சொல்லிக் கொடுத்திருக்கிறேன். இப்போது ‘ஆயா 63’ வரை வந்திருக்கிறார். போன வாரம் மூன்றாம் வீட்டுப் பெண்ணுக்கு அந்தச் சேத்தியாத்தோப்பு வரனே நிச்சயமாகி, தட்டு மாற்றி, பந்தி நடந்து, பந்தல்கூடப் பிரித்துவிட்டார்கள். அத்தைக்கு மறுநாள் சாயங்காலம்தான் தெரிந்தது.