ஓரம் தூக்கிய கண்ணாடி

மேற்குத் தாம்பரம் சண்முகம் சாலையில் டெம்பர்டு கிளாஸ் ஒட்டாத மொபைல் கடையைத் தேடித்தான் கண்டுபிடிக்க வேண்டும். ஓரம் தூக்கிக்கொண்டதா? "இதெல்லாம் ஒரு மேட்டராண்ணா" என்று கடைப்பையன் பட்ஸை எண்ணெயில் தொட்டு விளிம்பில் தடவுவான். உள்ளே இருந்த காற்று விலகி, வெள்ளைக் கோடு மாயமாகும். நாம் வண்டியை எடுக்கும் வரை ஒட்டியும் இருக்கும்!

ஜி.எஸ்.டி. சாலைத் தூசி உள்ளே ஏறிவிட்டால் எண்ணெயும் கைவிட்டுவிடும். அட்டையில் '9ஹெச்' என்று வீரமாக அச்சடித்திருப்பார்கள். அது பென்சில் கீறலை வைத்துச் சொல்லும் அளவு. மணல் துகளுக்கு அந்த மரியாதையெல்லாம் தெரியாது. வளைந்த விளிம்புள்ள போனில் தட்டைக் கண்ணாடியோ, முதல் நாளே கிளம்பத் தயாராக உட்கார்ந்திருக்கும் சம்பந்தி.

கட்டைவிரலால் அமுக்கிக்கொண்டே இருக்காதீர்கள். தூசி நுழைந்திருந்தால் பிய்த்துவிட்டு வேறு ஒட்டுங்கள். பேரம் பேசினால் குறைப்பார்கள்.