ஜெட் வேக இயக்குநர்

கேள்வி: துருக்கியில் ஒருவர் 'ஸ்டார் வார்ஸ்' எடுத்தாராமே, உண்மையா?

பதில்: பாதியை அவர் எடுத்தார். மீதியை ஜார்ஜ் லூகாஸ் ஏற்கெனவே எடுத்து வைத்திருந்தார்!

ஆள் பெயர் செட்டின் இனாஞ்ச். படம் 1982-ல் வந்த 'உலகைக் காப்பாற்றிய மனிதன்'. விண்கலங்கள் மோதும் காட்சிகளை லூகாஸ் படத்திலிருந்தே வெட்டி ஒட்டிவிட்டார். ஹெல்மெட் மாட்டிய கதாநாயகன் அசையாமல் உட்கார்ந்திருக்க, அவர் முதுகுக்குப் பின்னால் அதே காட்சிகள் திரையில் ஓடும். பின்னணி இசை? இண்டியானா ஜோன்ஸ் உபயம். வேற்றுக்கிரகத்துக்குத் துருக்கியின் கப்படோசியா பகுதிப் பாறைகள் இருக்கவே இருக்கின்றன. செட் செலவு மிச்சம். கதாநாயகன் ஜுனெய்த் அர்கின் மருத்துவம் படித்தவர், திரைக்கதையும் அவரே. காலில் பாறாங்கல்லைக் கட்டிக்கொண்டு துள்ளிப் பயிற்சி எடுப்பார் பாருங்கள், எந்த டாக்டரும் சிபாரிசு செய்யாத வைத்தியம்!

இனாஞ்ச் திறமை இல்லாதவர் அல்ல. அட்டிஃப் யில்மாஸ் என்ற பெரிய இயக்குநரிடம் தொழில் கற்றவர். ஆனால் அப்போது துருக்கி சினிமாவில் காசு இல்லை. கூட்டத்தைத் தொலைக்காட்சி வீட்டிலேயே உட்காரவைத்துவிட்டது. இவர் நூற்றுக்கும் மேல் படங்களைச் சுடச்சுட இறக்கி, 'ஜெட் இயக்குநர்' என்று பெயர் வாங்கினார். ராம்போவும் இவரிடம் தப்பவில்லை.

2006-ல் வேறொருவர் 'உலகைக் காப்பாற்றிய மனிதன்' படத்தின் தொடர்ச்சியை நவீன கிராஃபிக்ஸோடு எடுத்தார். ரசிகர்கள் இன்னும் கொண்டாடுவது என்னவோ வெட்டி ஒட்டியதைத்தான்.