மூன்று லட்ச ரூபாய் வாசல்

கேள்வி: விழுப்புரம் கடைக்காரர் திண்டிவனம் அரிசி ஆலைக்கு வைத்த பாக்கி 2.80 லட்சம். ஆலைக்காரர் வணிக நீதிமன்றம் போகலாமா? - வாசகர், திண்டிவனம்.

பதில்: அசல் மட்டும் என்றால் முடியாது. 2015-ல் வந்த வணிக நீதிமன்றச் சட்டம் 1 கோடி ரூபாய்க்குக் குறைந்த வழக்கைத் திரும்பிக்கூடப் பார்க்கவில்லை. 2018 திருத்தம்தான் அதை 3 லட்சத்துக்கு இறக்கியது.

பண வழக்கில் தாக்கல் செய்யும் நாள்வரை ஏறிய வட்டியையும் அசலோடு கூட்டச் சொல்கிறது 12-வது பிரிவு. முறைப்படி சேர வேண்டிய வட்டி 25,000 என்றால் மொத்தம் 3.05 லட்சம். ‘அடுத்த வாரம் தர்றேன்’ என்று இழுத்தடித்த கடைக்காரரே வழக்குக்குப் பதவி உயர்வு வாங்கித் தந்துவிட்டார்!

ஆனால், அவசர இடைக்கால நிவாரணம் கேட்காதவர் முதலில் சமரசப் பேச்சுக்குப் போயாக வேண்டும். அது கட்டாயம் என்று 2022-ல் பாட்டீல் ஆட்டோமேஷன் வழக்கில் உச்ச நீதிமன்றம் சொல்லிவிட்டது. தாண்டிக் குதித்தால் வழக்குரை நிராகரிக்கப்படும்.