சுருளும் சரித்திரமும்: மாமா பதில்கள்

கே: சரித்திர ஆவணப்படம் எடுக்க முதலில் என்ன வேண்டும்? (ஜெயங்கொண்டம் வாசகர்)

ப: ஏ.கே.செட்டியாரின் கால்கள். 'மகாத்மா காந்தி' படத்துக்காக ஒரு லட்சம் மைல் அலைந்தார் மனுஷன். ஊர் ஊராக யார் யாரோ எடுத்து வைத்திருந்த 50,000 அடி ஃபிலிமைத் திரட்டி, 12,000 அடியாக வெட்டி, 1940-ல் வெளியிட்டார். நாம் யூடியூபில் நாலு துண்டு இறக்கிவிட்டு, டைட்டிலில் 'ஆய்வு' என்று நம் பெயரைப் போட்டுக்கொள்கிறோம்.

கே: அந்தப் படம் இப்போது எங்கே? (அதே வாசகர்)

ப: தமிழ்ப் படம் காணாமல் போனது. 1953-ல் அமெரிக்காவில் வெளியான சுருக்கிய ஆங்கிலப் பதிப்பை சான்பிரான்சிஸ்கோ பல்கலைக்கழகம் ஒன்றில் கண்டெடுத்தார் வரலாற்றாய்வாளர் ஆ.இரா.வேங்கடாசலபதி. காந்தியைத் தேடிச் செட்டியார் உலகம் சுற்றினார். செட்டியாரைத் தேட நாம் அமெரிக்கா போக வேண்டியதாயிற்று!

கே: பழைய படங்களில் காந்தி ஏன் ஓட்டமும் நடையுமாகவே போகிறார்? (செந்துறை)

ப: அவர் வேகமாக நடப்பவர்தான். ஆனால் ஓடுவது அவரல்ல, உங்கள் புரொஜெக்டர். நொடிக்கு 16 படமாக எடுத்ததை 24 வேகத்தில் ஓட்டினால் ஆமையும் பி.டி.உஷாதான்.

கே: அரியலூர் ரயில் விபத்தைப் படமாக்குகிறேன். காட்சி கிடைக்கவில்லை. வேறு விபத்தை ஒட்டிவிடலாமா? (அரியலூர்)

ப: 1956 நவம்பர் 23. வெள்ளத்தில் மருதையாற்றுப் பாலம் சரிந்து தூத்துக்குடி எக்ஸ்பிரஸ் கவிழ்ந்தது. நூற்றுக்கும் மேற்பட்டோர் இறந்தார்கள். ரயில்வே அமைச்சர் லால் பகதூர் சாஸ்திரி ராஜினாமா செய்தார். அந்த நீராவி வண்டிக்குப் பதில் நீங்கள் டீசல் இன்ஜினைக் கவிழ்த்தால் உங்கள் படமும் சேர்ந்து கவிழும். காட்சி இல்லையா? இன்றைய ஆற்றைக் காட்டுங்கள். அன்று ஊரில் இருந்த பெரியவரைப் பேசவிடுங்கள். அதையும் சீக்கிரம் செய்யுங்கள், அவருக்கு வயதாகிறது.

கே: ராஜேந்திர சோழன் படையெடுத்த காட்சியை ஏ.ஐ.யில் செய்தால் தப்பா? (மீன்சுருட்டி)

ப: செய்யுங்கள், 'கற்பனை' என்று திரையிலேயே எழுதுங்கள். சோழன் கையில் வாட்ச் இருக்கிறதா என்றும் பார்த்துக்கொள்ளுங்கள்.

கே: அப்பா எடுத்த ஃபிலிம் பீரோ மேல் இருக்கிறது. திறந்தால் புளித்த வாடை! (குன்னம்)

ப: ஊறுகாய் அல்ல, அசிடேட் ஃபிலிம் அழுகும் வாடை. வினிகர் நோய் என்பார்கள். பக்கத்து டப்பாவுக்கும் தொற்றும். பிரித்து, ஈரமில்லாத குளிர்ந்த இடத்தில் வையுங்கள். ஆசைப்பட்டுப் புரொஜெக்டரில் ஓட்டிவிடாதீர்கள், நொறுங்கும். டிஜிட்டலாக்கத் தெரிந்தவரிடம் கொடுங்கள். சாத்தனூர் மரம் கல்லாகி 12 கோடி ஆண்டு கிடக்கிறது. ஃபிலிமுக்கு அந்த ஜாதகம் கிடையாது, பெரம்பலூர் வெயிலில் சில பத்தாண்டுதான்.

கே: அசிடேட்டைவிடப் பழைய நைட்ரேட் ஃபிலிம் எப்படி? (வேப்பந்தட்டை)

ப: அது பட்டாசு. தண்ணீருக்குள்ளும் எரியும். 2003 ஜனவரியில் புனேயில் நைட்ரேட் கிடங்கு எரிந்து, ஆயிரக்கணக்கான சுருள்கள் சாம்பலாயின.

கே: எங்கள் வீட்டில் கல்யாண கேசட்தான் இருக்கிறது. அதுவும் சரித்திரமா? (லப்பைக்குடிகாடு)

ப: சந்தேகமென்ன! 1985-ல் யார் என்ன உடுத்தினார்கள், பந்தியில் என்ன விழுந்தது என்று எந்த அரசு ஆவணம் சொல்லும்? ஆனால் உறையில் 'கல்யாணம்-2' என்று மட்டும் எழுதி வைத்திருப்பீர்களே! இந்த ஞாயிற்றுக்கிழமை பாட்டியை உட்காரவைத்து, யார் யார், எந்த ஊர், எந்த வருஷம் என்று கேட்டு எழுதி ஒட்டுங்கள்.