சோழி, வெள்ளி, மேகம்

கணக்குப் போட்டு எதிர்காலத்தைச் சொல்ல முடியுமா ஐயா? (செஞ்சி வாசகர்)

கிரகணம் என்றால் முடியும். 1825-ல் புதுச்சேரியில் ஒரு பஞ்சாங்கக்காரர், காகிதம் பேனா இல்லாமல், தரையில் சோழிகளை அடுக்கி, மனப்பாட வாக்கியங்களை வைத்தே சந்திர கிரகணத்தைக் கணித்தார். ஜான் வாரன் என்ற ஐரோப்பியர் அதைப் பதிவு செய்திருக்கிறார். தொடக்கத்தில் பிசகு நாலே நிமிடம். முடிவில் ஐம்பதைத் தாண்டியது, அதையும் சொல்லிவிடுகிறேன்.

வெள்ளைக்காரர் கணக்கு இன்னும் சுத்தமாக இருந்திருக்குமே? (திண்டிவனம்)

கணக்கு சுத்தம்தான். ஆள்தான் பாவம். வெள்ளி சூரியனைக் குறுக்கே கடப்பதைப் புதுச்சேரியில் பார்க்க லெ ஜாந்தி என்ற பிரெஞ்சுக்காரர் 1760-ல் கப்பல் ஏறினார். சொன்னபடி 1761 ஜூன் 6-ல் வெள்ளி வந்தது. அதற்குள் புதுச்சேரியும், ஏப்ரலில் நம் செஞ்சியும் ஆங்கிலேயர் கைக்குப் போய்விட்டன. அவரோ நடுக்கடலில். ஆடுகிற கப்பலில் வெள்ளியைப் பார்க்கலாம், அளக்க முடியுமா? அடுத்த வாய்ப்பு 1769 ஜூன் 4. ஊர் திரும்பாமல் காத்திருந்து, புதுச்சேரியில் ஆய்வுக்கூடமும் அமைத்தார். அன்று காலை பார்த்து மேகம் மூடியது. வெள்ளி கடந்து முடிந்ததும் பளீரென்று வெயில்! பிறகு பிரான்சுக்குப் போனால், ஆள் செத்துவிட்டதாக நினைத்துச் சொந்தக்காரர்கள் சொத்தில் கை வைத்திருந்தார்கள்.

வெள்ளியைச் சொன்ன கணக்கு மேகத்தை ஏன் சொல்லவில்லை? (மயிலம்)

உங்கள் ஊர்க்காரர் கேட்க வேண்டிய கேள்விதான். 1961-ல் லோரென்ஸ் என்ற அமெரிக்க வானிலை ஆய்வாளர் கணினியில் 0.506127 என்பதை 0.506 என்று சுருக்கிப் போட்டார். அந்தத் துளி வித்தியாசத்துக்கே, கணினி காட்டிய வானிலை சற்று நேரத்தில் முற்றிலும் வேறாகிவிட்டது. ஃபெஞ்சல் புயலையே பாருங்கள். 2024 நவம்பர் 30-ல் புதுச்சேரி பக்கம் கரையேறியது, பிறகு நகர மறுத்தது. மயிலத்தில் ஒரே நாளில் சுமார் 50 செ.மீ. மழை.

செஞ்சிக் கோட்டை எத்தனை நாள் தாங்கும் என்று கணிக்க முடிந்திருக்குமா? (மேல்மலையனூர்)

முகலாயர் 1690-ல் வளைத்தார்கள். கோட்டை கிடைத்தது 1698-ல், அதுவும் உள்ளே இருந்த மராட்டிய மன்னர் ராஜாராம் தப்பிப் போன பிறகு. பிரெஞ்சுத் தளபதி புஸ்ஸிக்கு 1750-ல் ஒரே ராத்திரி போதுமாக இருந்தது. சராசரி நாலு வருடம். அதை நம்பி யாரும் அரிசி மூட்டை கட்ட வேண்டாம்.

என் பையன் பிளஸ் டூ கணக்கில் பாஸாவானா? (செஞ்சி)

"ஃபெயில்தான்" என்று அவன் காதுபடச் சொல்லிப் பாருங்கள். வீம்புக்காவது படிப்பான். வெள்ளிக்கு அந்த வீம்பு கிடையாது.